ஹாஸ்கின்ஸின் ஒரே பிழை

எம்போரியா, கேன்சஸ்
3 பிப்ரவரி 1979

எவரெட் லூமிஸ் அவர்களுக்கு,

நீர் இன்னும் உயிரோடு இருப்பதாக லீக் அலுவலகத்தில் மிஸ் டட்டில் சொன்னாள். கேட்டு சந்தோஷப்பட்டேன். நீர் போய்விட்டிருந்தால் என் காரியம் நடக்காது. வேறு காரணம் எதுவும் இல்லை.

ஜூன் இரண்டாம் தேதி ஹால்ஸ்டன் பேஸ்பால் மைதானத்தில் ஒரு பலகை திறக்கிறார்களாம். பழைய ஆட்டக்காரர்களின் சாதனைகளைப் பித்தளையில் பொறித்து வாசலில் மாட்டப்போகிறார்களாம். அதில் ஒரு வரி காலியாக இருக்கிறது: ஒரு முழு சீசனையும் பிழையே செய்யாமல் ஆடி முடித்த வெளிக்கள ஆட்டக்காரர். இந்த லீக்கில் அப்படி ஒருவரும் இல்லை என்றாள் மிஸ் டட்டில். இருக்கிறான், அவன் பெயர் டெல்பர்ட் ஹாஸ்கின்ஸ், வருடம் 1951 என்றேன். புத்தகத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "உங்க பேருல ஒரு பிழை இருக்கே சார். ஆகஸ்ட் பத்தொன்பது" என்றாள்.

அந்தப் பிழையை எழுதியவர் நீர். அதை மாற்ற வேண்டுமானால் அன்று ஸ்கோர் எழுதியவரே கைப்பட எழுதித் தர வேண்டுமாம், வேறு யார் சொன்னாலும் செல்லாதாம். எனவே நீர் எழுத வேண்டியது ஒரே வரி: அது பிழையல்ல, அடித்தவனுக்குச் சேர வேண்டிய ஹிட்.

இதன் நகல் மிஸ் டட்டிலுக்கும் போகிறது. அவளுக்கு வயது முப்பது இருக்கும். ஆகவே நம் இருவருக்கும் தெரிந்ததையும் எழுதுகிறேன். அந்தக் காலத்தில் எங்கள் பக்கம் அடிக்கும் முறை வந்ததும் நாங்கள் கையுறையைக் கழற்றிப் புல்லிலேயே போட்டுவிட்டுப் போவோம். யாரும் தூக்கிக்கொண்டு உள்ளே ஓடுவதில்லை. எதிரணி வந்து அதே புல்லில் நம் கையுறைகளுக்கு நடுவே நின்று ஆடும். பந்து கையுறையில் பட்டாலும் ஆட்டம் நிற்காது. 1954இல்தான் இந்த வழக்கத்தை நிறுத்தினார்கள். நிறுத்தியவர்களுக்குப் புத்தி தாமதமாகத்தான் வந்தது.

அன்று ஒன்பதாவது இன்னிங்ஸில் இரண்டு பேர் அவுட். மூன்றுக்கு இரண்டு என்று முன்னால் இருந்தோம். எதிரணியான க்ளேபோர்ன்காரர்கள் இரண்டு பேர் ஓடக் காத்திருந்தார்கள். எங்கள் பந்துவீச்சாளன் ஆட்டோ ப்ரெக் வீசினான். இடது களத்துக்கு, எனக்கு முன்னால், சாதுவாக ஒரு பந்து வந்தது. அதைப் பிடிக்க ஓடினேன். க்ளேபோர்னுக்கு உள்களத்தில் நிற்கும் ஷார்ட்ஸ்டாப் விட்கோ தன் கையுறையை வழக்கமான இடத்தில் போடாமல் இடது களத்துக்குள் இருபது அடி தள்ளி எறிந்து வைத்திருந்தான். அதில் கால் பட்டு விழுந்தேன். இரண்டு பேரும் ஓடி முடித்தார்கள். தோற்றோம். நீர் மேலே பத்திரிகைக்காரர் கூண்டில் நிழலில் உட்கார்ந்து எனக்குப் பிழை எழுதினீர்.

நூற்று முப்பத்தெட்டு ஆட்டங்கள். பிழை அது ஒன்றுதான். பதிலைச் சீக்கிரம் அனுப்பும்.

டெல்பர்ட் ஹாஸ்கின்ஸ்


ஹால்ஸ்டன், அயோவா
11 பிப்ரவரி 1979

அன்புள்ள திரு. ஹாஸ்கின்ஸ்,

உங்கள் கடிதத்தைக் காலைச் சிற்றுண்டியோடு படித்தேன். என் மனைவி கேட்டாள், "யாருங்க, இவ்ளோ அழுத்தி எழுதியிருக்கிறது? பின்பக்கம் விரல்ல தடவியே படிச்சிடலாம் போலிருக்கே." பழைய ஆட்டக்காரர் ஒருவர் என்றேன். "பாவம்" என்று சொல்லிவிட்டுப் பாத்திரம் கழுவப் போனாள்.

முப்பத்தொரு வருடம் இந்த ஊர்ப் பத்திரிகையில் விளையாட்டுப் பக்கம் பார்த்தேன். அதே முப்பத்தொரு வருடமும் லீக்குக்காக ஸ்கோர் எழுதினேன். வீட்டுக்கு வந்து திட்டியவர்கள் உண்டு. என் காரின் சக்கரத்தில் காற்றைப் பிடுங்கிவிட்டவர்கள் உண்டு. ஒரு ஆட்டக்காரரின் மாமியார் முட்டைக்கோஸ் எறிந்தார். ஒரு முறைகூட எழுதியதை மாற்றியதில்லை. அறுபத்தேழு வயதில் அந்தப் பழக்கத்தைத் தொடங்கும் எண்ணமும் இல்லை.

இருந்தாலும் இவ்வளவு தூரம் எழுதியதற்கு மரியாதையாகக் காரணம் சொல்கிறேன். அந்தக் கையுறை வானத்திலிருந்து விழவில்லை. புல்லில், பட்டப்பகலில் கிடந்தது. கிடப்பது எங்கே என்று தெரிந்துவைத்துக்கொள்வது இடது களத்தில் நிற்பவரின் வேலை. மற்ற எல்லோருக்கும் தெரிந்திருந்தது. ஒரு பசுமாடுகூட மேயும்போது கால் வைக்கும் இடத்தைப் பார்த்துத்தான் வைக்கிறது. சாதாரண முயற்சியில் பிடித்திருக்க வேண்டிய பந்தை நீங்கள் பிடிக்கவில்லை. அதற்குப் பெயர் பிழை.

பலகையைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். உங்கள் பெயர் அதில் வேறு ஒரு வரியில் வருகிறது என்று கேள்விப்பட்டேன்: அதிக ஆட்டங்களில் ஆடியவர். நீண்ட காலம் நின்றவர் என்பதும் ஒரு சாதனைதான். கம்பங்களுக்கும் அந்தச் சாதனை உண்டு.

தங்கள்,
எவரெட் லூமிஸ்


எம்போரியா
17 பிப்ரவரி 1979

லூமிஸ்,

பசுமாட்டைப் பற்றி எழுதியிருந்தீர். நான் குளிர்காலங்களில் இறைச்சித் தொழிற்சாலையில் மாடு அறுத்தவன். ஒரு மாட்டுக்காவது உம்மைவிட அதிகம் தெரிந்திருக்கும் என்று அப்போதே நினைத்திருக்கிறேன்.

நான் நான்காம் வகுப்போடு பள்ளியை விட்டவன். சரியாகப் படிக்கக் கற்றுக்கொண்டது பஸ்ஸில். ஊர் ஊராகப் போகும்போது மற்றவர்கள் சீட்டாடுவார்கள். நான் மடியில் சார்டின் டப்பாவை வைத்துத் தின்றுகொண்டே ஆட்ட விதிப் புத்தகத்தை எழுத்துக் கூட்டிப் படித்தேன். ஆட்டோ ப்ரெக் கேலி செய்வான், "டேய் டெல், இன்னிக்கு எத்தனாவது பக்கம்? அந்தப் பொண்ணைக் கல்யாணம் பண்ணிட்டாங்களா இல்லையா?" அவன் சிரித்தான். நான் மனப்பாடம் செய்தேன். இன்றைக்கும் எந்த விதி எந்தப் பக்கம் என்று சொல்வேன். நீர் கல்லூரியில் படித்தவர். விதிப் புத்தகம் உமக்கு மேஜைக்கால் ஆடாமல் வைக்கத்தான் உதவியிருக்கும்.

பதினாறு வருடம் ஆடினேன். நடுவில் மூன்று வருடம் போர் தின்றது. பெரிய லீக்குக்கு 1946இல் கூப்பிட்டார்கள். நாற்பத்தொரு நாள் வைத்திருந்து அனுப்பிவிட்டார்கள். அங்கே இருந்த மேனேஜர் என்னை ஒரு முறைகூடப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. "ஏய், உன்னத்தான்" என்பான். எனக்கு வருத்தமில்லை. பந்தைத் துரத்துவதைவிடக் கண்ணாடியில் தலை சீவுவதை அதிகம் செய்கிற கூட்டம் அது. திரும்பி ஹால்ஸ்டனுக்கு வந்து, மேடும் பள்ளமுமான அந்த மைதானத்தில் நின்று, ஒரு சீசன் முழுக்க எந்தப் பந்தையும் விடாமல் பிடித்தேன். பெரிய லீக்கின் கம்பளப் புல்லில் எந்தக் கொம்பனும் அதைச் செய்யவில்லை. என் வாழ்க்கையில் நான் செய்ததாகச் சொல்ல இருப்பது அது ஒன்றுதான். அதைத்தான் நீர் பென்சிலால் கெடுத்துவைத்திருக்கிறீர்.

கையுறை எங்கே கிடந்தது என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது என்கிறீர். உமக்குத் தெரிந்திருக்காது. அப்போதுதான் கேட்சரின் விரலில் அடிபட்டு, கட்டுப் போட ஐந்து நிமிடம் ஆட்டம் நின்றிருந்தது. நீர் அந்த ஐந்து நிமிடத்தில் கீழே இறங்கி ஹாட் டாக் வாங்கப் போயிருப்பீர். திரும்பி வரும்போது சத்தம் கேட்டிருக்கும். பக்கத்தில் இருந்தவனிடம் என்ன ஆச்சு என்று கேட்டு எழுதியிருப்பீர். உம் உடம்பைப் பார்த்த எவருக்கும் இதில் சந்தேகம் வராது.

பார்க்காததைப் பார்த்ததாக எழுதினேன் என்று மிஸ் டட்டிலுக்கு எழுதிக் கொடும். அது போதும்.

ஹாஸ்கின்ஸ்


ஹால்ஸ்டன்
26 பிப்ரவரி 1979

திரு. ஹாஸ்கின்ஸ்,

உங்கள் இரண்டாம் கடிதத்தை முடிதிருத்தும் கடைக்கு எடுத்துப்போனேன். சனிக்கிழமை கூட்டத்தில் வாசித்துக் காட்டினேன். நல்ல வரவேற்பு. ஆட்டோ ப்ரெக்கும் இருந்தார். இப்போது கைத்தடியோடு நடக்கிறார். "டெல் பொய் சொல்ல மாட்டான். அந்த விட்கோ பயதான் வேணும்னே கையுறையைத் தள்ளிப் போட்டான். அன்னிக்கு அவனை நாலு சாத்து சாத்தியிருக்கணும்" என்றார். இருபத்தேழு வருடமாக அதையே சொல்கிறார். ஊரே அதைத்தான் சொல்கிறது. உங்களுக்கு இங்கே இன்னும் விசுவாசிகள் இருக்கிறார்கள் என்று தெரிவிக்கவே இதை எழுதுகிறேன்.

என் பதில் அதேதான். இனி எழுத வேண்டாம்.

எ. லூமிஸ்


எம்போரியா
5 மார்ச் 1979

லூமிஸ்,

ஆட்டோ நல்லவன். நீர் அவன் கைத்தடியைத் தூக்கவும் லாயக்கில்லை.

ஹாட் டாக் பற்றி நீர் ஒரு வார்த்தைகூட மறுக்கவில்லை என்பதைக் கவனித்தேன். மிஸ் டட்டிலும் கவனித்திருப்பாள். உம் கடிதங்களின் நகலையும் அவளுக்கு அனுப்பிவிட்டேன். முப்பத்தொரு வருடத்தில் இன்னும் எத்தனை ஆட்டங்களை நீர் பார்க்காமல் எழுதினீர் என்று லீக்காரர்கள் விசாரிக்க வேண்டும் என்று கேட்டிருக்கிறேன். எனக்குத் தெரிந்த பழைய ஆட்டக்காரர்கள் பதினொரு பேருக்கும் எழுதுகிறேன். அவர்களுக்கும் உம் பென்சில் மேல் ஏதாவது ஒரு குறை இருக்கும்.

டெ. ஹாஸ்கின்ஸ்


ஹால்ஸ்டன்
12 மார்ச் 1979

ஹாஸ்கின்ஸ்,

சரி. பார்க்கவில்லை என்கிறாய். நான் என்ன பார்த்தேன் என்று சொல்கிறேன், உட்கார்ந்து படி.

கேட்சர் விரலைப் பிடித்துக்கொண்டு குனிந்ததும் மைதானத்தில் எல்லோரும் அவனையே பார்த்தார்கள். நான் பார்க்கவில்லை. அடிபட்ட விரலில் செய்தி எதுவும் கிடையாது. என்னிடம் பைனாகுலர் இருந்தது, இடது களத்தைப் பார்த்தேன். ஏனென்றால், ஆட்டம் நின்றால் நீ சும்மா இருக்க மாட்டாய் என்று எனக்குத் தெரியும்.

நீ வேலியோரம் போனாய். மைதானக்காரன் எலிப்பொறி வைக்கும் இடத்தில் குனிந்தாய். எதையோ வாலைப் பிடித்துத் தூக்கினாய். பிறகு சாவகாசமாக நடந்து விட்கோவின் கையுறையிடம் வந்தாய். அது எப்போதும் கிடக்கும் இடத்தில்தான் கிடந்தது, மண்ணும் புல்லும் சேரும் ஓரத்தில். அவன் அதை அங்கேதான் போடுவான், ஒரு கிழவி செருப்பை வாசலில் விடுவது போல. அவனுக்கு எலி என்றால் குலைநடுக்கம் என்று லீக் முழுக்கத் தெரியும். செத்த எலியைக் கையுறையின் விரலுக்குள் திணித்தாய். உன் தோள் குலுங்கியது, சிரித்தாய். உங்கள் ஆட்களில் பாதிப் பேர் அந்தக் காலத்தில் இதைத்தான் செய்தீர்கள். தவளை, புழு, மென்று துப்பிய புகையிலை. பெரிய மனிதர்கள்.

அப்போது நடுவர் ஆட்டத்தைத் தொடங்கச் சொல்லிக் கத்தினார். நீ அவசரத்தில் கையுறையைக் கிடந்த இடத்தில் வைக்காமல் தோளுக்குப் பின்னால் வீசிவிட்டு உன் இடத்துக்கு ஓடினாய். அது இருபது அடி தள்ளி விழுந்தது. நீ திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அடுத்த பந்தே உன்னைத் தேடி வந்தது. ஓடி வந்தாய், நீயே எறிந்த கையுறையில் கால் வைத்தாய், மூட்டை மாதிரி விழுந்தாய். பந்து உன் கையிலிருந்து ஐந்தடி தள்ளித் தரையில் விழுந்தது. நான் பார்த்த ஆட்டங்களிலேயே இதைவிடப் பொருத்தமான நீதியைக் கண்டதில்லை.

ஆனால் நீ எழுந்ததும் என்ன செய்தாய்? விட்கோவைக் கை நீட்டிக் காட்டினாய். ஊர் நம்பியது. ஆட்டம் முடிந்து க்ளேபோர்ன்காரர்கள் வெளியே வந்தபோது அவன் மேல் பாட்டில் எறிந்தார்கள். மறுநாள் அவன் என் அலுவலகத்துக்கு வந்தான், நெற்றியில் பிளாஸ்திரியோடு. தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு, "சார், நான் எப்பவும் போடுற இடத்துலதான் போட்டேன். நீங்க மேலேர்ந்து பாத்தீங்கல்ல?" என்றான். நான் ஒன்றும் பார்க்கவில்லை என்றேன். உன் படத்தை அந்த வாரம்தான் முதல் பக்கத்தில் போட்டிருந்தோம். ஊரின் செல்லப்பிள்ளை எலி வைத்தான் என்று எழுதினால் என் பத்திரிகையை யார் வாங்குவார்கள்? அந்தச் சீசன் முடிந்ததும் அவன் ஆட்டத்தையே விட்டுவிட்டான்.

எழுத முடியாததை வேறு இடத்தில் எழுதினேன். ஸ்கோர் அட்டையில் அந்த ஒரு கட்டத்தை மட்டும் அதுவரை காலியாக விட்டிருந்தேன், அவன் போன பிறகு அதில் உனக்குப் பிழை போட்டேன். அந்த எலிக்கு, அந்தப் பையனுக்கு, உன் நீட்டிய விரலுக்கு, எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே ஒரு பிழை. இருபத்தேழு வருடம் வாயை மூடிக்கொண்டிருந்ததற்கு எனக்குக் கிடைத்த நன்றி ஹாட் டாக்.

இதன் நகலையும் மிஸ் டட்டிலுக்கு அனுப்பேன், பார்க்கலாம்.

லூமிஸ்


எம்போரியா
24 மார்ச் 1979

லூமிஸ்,

ஒரு வாரம் பதில் எழுதவில்லை. நீர் ஜெயித்துவிட்டதாக நினைத்திருப்பீர்.

எலியை வைத்தது எனக்கு எப்போதும் ஞாபகம் இருந்தது. எறிந்தது ஞாபகம் இல்லை. உம் கடிதத்தைப் படித்த பிறகு வீட்டுக்குப் பின்னால் போய் என் பழைய கையுறையைத் தோளுக்குப் பின்னால் எறிந்து பார்த்தேன். கை தானாகவே அதைச் செய்தது. எறிந்தேன். அது நான்தான். இதற்கு மேல் அதைப் பற்றி உம்மிடம் பேச எனக்கு ஒன்றும் இல்லை. பேச வேண்டியது உம்மிடம் அல்ல.

இப்போது உம் விஷயத்துக்கு வருகிறேன். உம் கடிதத்தில் நீர் எழுதியிருப்பதை நீரே படித்துப் பாரும். "பந்து உன் கையிலிருந்து ஐந்தடி தள்ளித் தரையில் விழுந்தது." பைனாகுலரில் பார்த்தீர். தடுக்கி விழுந்தவன் பந்தைத் தொடவே இல்லை என்றால் அது அடித்தவனுக்கு ஹிட். உமக்கு அது தெரியும். முப்பத்தொரு வருடமும் மற்ற எல்லோருக்கும் அப்படித்தான் எழுதியிருக்கிறீர். பிழை என்பது கையில் வந்த பந்தை விட்டவனுக்கு. எலி வைத்தவனுக்குப் பிழை போட விதிப் புத்தகத்தில் ஒரு பக்கமும் இல்லை. கை நீட்டியவனுக்கும் இல்லை.

நான் ஒரு கோமாளி, ஒரு கோழை. ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நான் பிழை செய்யவில்லை. நீர்தான் செய்தீர். ஒருவன் உம் மேஜை முன்னால் நின்று பார்த்தீர்களா என்று கேட்டான். இல்லை என்றீர். மனம் உறுத்தியதும் பொய்க் கணக்கு எழுதி அதற்கு நீதி என்று பெயர் வைத்தீர். நான் கெட்டவன் என்று பத்திரிகையில் எழுதியிருந்தால் உம்மை மதித்திருப்பேன். அதற்குத் துணிச்சல் வேண்டும். ஸ்கோர் அட்டையில் ஒளிந்துகொண்டு எழுத ஒரு பென்சில் போதும்.

நகலை அனுப்பு என்று சவால் விட்டீர். நகல் அனுப்பவில்லை. உம் கையெழுத்துள்ள மூலத்தையே அனுப்பிவிட்டேன். முழுக்க, எலி, விரல், பாட்டில் எதையும் வெட்டாமல். மிஸ் டட்டில் போன் செய்தாள். மென்று முழுங்கினாள். "ஹாஸ்கின்ஸ் சார், இதை நிஜமாவே கோப்புல சேக்கணுமா? கமிட்டில எல்லாரும் படிப்பாங்க. இதுல எலி வருதே."

"எலி வரட்டும்மா" என்றேன். "விதியில எலிக்கு இடமில்ல. அஞ்சடிக்கு இருக்கு."

"ஊருல உங்களை என்ன நினைப்பாங்க சார்?"

"அதுக்குப் பலகையில வரி இல்லையே" என்றேன்.

ஆட்டோவுக்குத் தனியாக எழுதிவிட்டேன். அது அவனுக்கும் எனக்கும். விட்கோ க்ளேபோர்னில் பெட்ரோல் பங்க் வைத்திருக்கிறானாம். அவனுக்கும் எழுதினேன். நான்கு வரிதான். மன்னிப்பு என்ற வார்த்தை வராமல் எழுத மூன்று நாள் முயன்றேன். வராமல் எழுத முடியவில்லை. பதில் இல்லை. வர வேண்டியதும் இல்லை.

ஹாஸ்கின்ஸ்


ஹால்ஸ்டன்
9 மே 1979

ஹாஸ்கின்ஸ்,

லீக்கிலிருந்து இரண்டு வரிக் கடிதம் வந்தது: இணைத்துள்ள கடிதம் உங்கள் கையெழுத்துதானா? ஆம் அல்லது இல்லை என்று பதில் எழுதவும்.

அதை ஒரு மாதம் மேஜையில் வைத்திருந்தேன். இல்லை என்று எழுதலாம். ஒரு கிழட்டு ஆட்டக்காரன் போலியாக எழுதினான் என்றால் உன்னைவிட என்னைத்தான் நம்புவார்கள். உனக்கு அது தெரியும், இருந்தும் மூலத்தை அனுப்பினாய். நீ முட்டாள் என்று முதலில் நினைத்தேன். பிறகு வேறு மாதிரி நினைத்தேன். அது எனக்குப் பிடிக்கவில்லை.

முடிதிருத்தும் கடையில் இப்போது நான் போனால் பேச்சு நின்றுவிடுகிறது. ஆட்டோ ப்ரெக் மட்டும், "எவரெட், அந்தப் பையன் கேட்டப்ப நீ பாத்தேன்னு சொல்லியிருந்தா போதுமேய்யா" என்றார். உன்னைப் பற்றி என்ன சொன்னார் என்று எழுத மாட்டேன். பத்திரிகையில் போட முடியாத வார்த்தைகள்.

ஆம் என்று எழுதினேன். கீழே, 19 ஆகஸ்ட் 1951, ஒன்பதாவது இன்னிங்ஸ், பிழையல்ல, ஹிட் என்றும் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். முப்பத்தொரு வருடத்தில் முதல் முறையாக மாற்றியிருக்கிறேன். மிஸ் டட்டிலிடம் என் மற்ற ஸ்கோர் அட்டைகளையும் யாராவது சரிபார்க்கட்டும் என்று ஒப்படைத்துவிட்டேன். நீ கேட்டதைவிட அதிகமாகவே கிடைத்திருக்கிறது. திருப்திதானே.

உன் வரியைப் பொறித்துவிட்டார்கள், நேற்று பார்த்தேன். அதற்குக் கீழே இன்னொரு சின்ன வரி இருக்கிறது: ஸ்கோர் எழுதியவரின் திருத்தத்தின்படி. என் பெயரோடு. அது கமிட்டியின் முடிவு, என்னுடையது அல்ல. இந்த ஊர் இருக்கும்வரை என் பெயர் உன் பெயருக்குக் கீழே தொங்கப்போகிறது.

விட்கோவைக் கமிட்டி அழைத்திருக்கிறது. வருகிறேன் என்று சொல்லியிருக்கிறானாம். யாருக்காக வருகிறான், எதற்காக வருகிறான் என்று யாருக்கும் தெரியாது. நானும் வந்தாக வேண்டியிருக்கிறது. திறப்பு விழாவில் பலகைக்கு இடது பக்கம் நிற்கப்போகிறேன். நீ என் பக்கத்தில் வந்து நிற்காதே.

லூமிஸ்


எம்போரியா
14 மே 1979

லூமிஸ்,

இடது பக்கம் என்னுடையது. அங்கே பதினாறு வருடம் நின்றிருக்கிறேன். விட்கோ நேராக அங்கேதான் வருவான், நான் நகரப்போவதில்லை. நீர் வேறு எங்காவது நில்லும்.

டெ. ஹாஸ்கின்ஸ்